பனிச்சறுக்குக் காயங்களுக்குக் குறியீடு எழுதுவது எப்படி?

அமெரிக்க நோயாளிகளின் மருத்துவக் கோப்புகளை வாசித்து, நோய்க்கும் காயத்துக்கும் உரிய குறியீட்டை எழுதுவது எங்கள் வேலை. டிசம்பர் பிறந்துவிட்டால் எங்கள் இரவுப் பணியில் வரும் கோப்புகள் மாறிவிடும். வெள்ளவத்தையில் மழை கொட்டிக்கொண்டிருக்க, திரையில் பனிமலையில் விழுந்தவர்களின் காலும் கையும் வரிசையாக வந்து நிற்கும். புதிதாகச் சேரும் தம்பி தங்கைகள் கேட்கும் முதல் கேள்வி, "அக்கா, பனியையே காணாத நாங்கள் இதை எப்படி எழுதுவது?" என்பதுதான். பனியைக் காண வேண்டியதில்லை. வைத்தியர் எழுதியதைக் கடைசி வரி வரை வாசிக்க வேண்டும். அவர் எழுதாததை நாமாகச் சேர்க்கக் கூடாது.

அமெரிக்கக் கோப்புகளுக்கு நாம் பயன்படுத்துவது ஐசிடி-10-சிஎம் (ICD-10-CM) என்ற நோய், காயக் குறியீட்டுத் தொகுப்பு. 2015 ஒக்டோபர் 1 முதல் அங்கே நடைமுறையில் இருக்கிறது. ஒவ்வோர் ஒக்டோபரிலும் புதிய பதிப்பு வரும்; ஆகவே நோயாளி சிகிச்சை பெற்ற திகதிக்குரிய பதிப்பைத் திறந்துவைத்துக்கொள்ளுங்கள்.

ஓர் எடுத்துக்காட்டு: "பனிச்சறுக்கின்போது விழுந்தார். இடது கீழ்க்கால் எலும்பின் தண்டுப் பகுதியில் சுருள் முறிவு. சத்திரசிகிச்சை செய்யப்பட்டது."

படி 1. அகரவரிசைப் பட்டியலில் "கால்" என்று தேடாதீர்கள். "முறிவு" என்று தேடுங்கள். உறுப்பு அதற்குக் கீழே வரும். டிபியா (கீழ்க்காலின் பெரிய எலும்பு), தண்டு, சுருள் என்று இறங்கினால் எஸ்82.24 (S82.24) கிடைக்கும். அங்கேயே நின்றுவிடாமல் விரிவான அட்டவணைக்குப் போய்ச் சரிபாருங்கள்.

படி 2. எலும்பு விலகியதா, தோல் கிழிந்ததா என்று வைத்தியர் சொல்லவில்லை. இதற்கு விதி இருக்கிறது: விலகல் பற்றிக் குறிப்பு இல்லையென்றால் விலகிய முறிவு, திறந்ததா மூடியதா என்று இல்லையென்றால் மூடிய முறிவு. இடது பக்கம் என்பதால் எஸ்82.242. வலமா இடமா என்பதே எழுதப்படாமல் வந்தால் ஊகிக்காமல் கேட்டு எழுதுங்கள்.

படி 3. ஏழாவது எழுத்து, அதாவது சிகிச்சை எந்தக் கட்டத்தில் இருக்கிறது என்று சொல்லும் கடைசி எழுத்து. புதியவர்கள் அதிகம் தடுமாறும் இடம் இது. "ஏ" என்றால் முதல் வருகை என்று நினைத்துக்கொள்கிறார்கள். அப்படியல்ல, காயத்துக்கான நேரடிச் சிகிச்சை நடக்கும்வரை "ஏ"தான். விழுந்து நான்கு நாள் கழித்து வேறொரு வைத்தியர் சத்திரசிகிச்சை செய்தாலும் "ஏ"தான். பிறகு எலும்பு ஒழுங்காகப் பொருந்துகிறதா என்று பார்க்க வரும்போது "டி" (D). ஆறத் தாமதமானால் "ஜி", பொருந்தவே இல்லையென்றால் "கே". நமது குறியீடு எஸ்82.242ஏ.

படி 4. எப்படி நடந்தது? பனிச்சறுக்குப் பலகையிலிருந்து விழுந்ததற்கு வி00.321ஏ. மரத்தில் மோதியிருந்தால் வி00.322. இரண்டு பாதங்களையும் ஒரே பலகையில் பூட்டிச் சறுக்கும் ஸ்னோபோர்டு என்றால் வி00.311, அதில் விழுபவர்கள் கையை ஊன்றுவதால் மணிக்கட்டு முறிவுகள் நிறைய வரும். அப்போது செய்துகொண்டிருந்த செயலுக்கு, அதாவது பனிச்சறுக்குக்கு, வை93.23, சமவெளியில் நெடுந்தூரம் போகும் சறுக்கு என்றால் வை93.24. பொழுதுபோக்காகப் போனவருக்கு வை99.8, சம்பளத்துக்குக் கற்றுக்கொடுக்கும் பயிற்சியாளருக்கு வை99.0. இடம் எழுதப்படவில்லையென்றால் இடத்துக்கான குறியீட்டை விட்டுவிடுங்கள். வை வரிசையில் சொன்னவை முதல் சிகிச்சையில் ஒரு தடவை மட்டும். வி குறியீடோ காயத்தோடு தொடர்ந்து வரும். இவற்றில் எதையும் முதல் வரிசையில் போடாதீர்கள். முதலிடம் காயத்துக்குத்தான்.

அடுத்தது பெருவிரல். இதைச் சற்று நின்று படியுங்கள், நான் தவறிய இடம் இது. "அல்னர் பக்கத் தசைநார் கிழிவு" என்று ஒரு கோப்பு. அல்னர் பக்கம் என்றால் கையின் சுண்டுவிரல் பக்கம். அந்தப் பெயரை மட்டும் பிடித்துக்கொண்டு எஸ்53.44 என்று எழுதிவிட்டேன். அது முழங்கைக்கு உரியது. வைத்தியர் சொன்னது பெருவிரலின் அடி மூட்டை. அதே பெயரில் அங்கேயும் ஒரு தசைநார் இருக்கிறது. கோப்பு திரும்பி வந்த பிறகுதான் முழுக் குறிப்பையும் வாசித்தேன்.

வீட்டில் தும்புத்தடியின் பிடியைக் கையில் எடுத்துப் பாருங்கள். பெருவிரலுக்கும் சுட்டுவிரலுக்கும் நடுவே பிடித்துக்கொண்டு, பெருவிரலை மெதுவாக வெளிப்பக்கம் தள்ளுங்கள். அடி மூட்டின் உட்பக்கத்தில், சுட்டுவிரலை நோக்கிய ஓரத்தில், ஓர் இழுவை தெரியும். சறுக்குபவர் ஊன்றுகோலை விடாமல் விழும்போது கிழிவது அந்த இடம். வலது பெருவிரலுக்கு எஸ்63.641ஏ, இடதுக்கு எஸ்63.642ஏ.

குளிரில் உடல்வெப்பம் இறங்கியவருக்கு டி68 (T68). இங்கே முதல் மூன்று இடங்களுக்குப் பிறகு நேராக "ஏ" போட முடியாது. வெற்றிடங்களை எக்ஸ் கொண்டு நிரப்பி டி68.எக்ஸ்எக்ஸ்எக்ஸ்ஏ என்று எழுதினால்தான் ஏழாவது எழுத்து தன் இடத்தில் உட்காரும்.