இருபது பேரை உட்காரவைத்து பிரியாணி போட

வில்லேஜ் குக்கிங் சேனல் பெரியதம்பி தாத்தா "எல்லாரும் வாங்க" என்று கூப்பிடுவதைப் பார்த்துவிட்டுத்தான் நம்மில் பாதிப் பேருக்கு இந்த ஆசையே வருகிறது. அவர் முன்பு சமையல் வேலைக்குப் போனவர், நமக்கு அந்தக் கை கிடையாது, அதனால் அளவை முதலிலேயே எழுதி வைத்துக்கொள்ளுங்கள்.

2021இல் ராகுல் காந்தி வந்தபோது செய்த காளான் பிரியாணியே போதும். இருபது பேருக்கு இரண்டரைக் கிலோ சீரகச் சம்பா, இரண்டு கிலோ காளான். காளான் வதங்கும்போது நிறையத் தண்ணீர் விடும், அதையும் கணக்கில் சேர்த்து ஒரு படி அரிசிக்கு ஒன்றரைப் படிக்கு மேல் தண்ணீர் போகாமல் பார்த்துக்கொள்ளுங்கள், இல்லையென்றால் பிரியாணி பொங்கலாகிவிடும் (எனக்கு ஆகியிருக்கிறது, எல்லோரும் மரியாதைக்குச் சாப்பிட்டார்கள்). தண்ணீர் வற்றி அரிசி மேலே தெரியும்போது விறகை இழுத்துவிட்டு, மூடிமேல் தணலை அள்ளிப் போட்டு இருபது நிமிஷம் தம். அதுவரை மூடியைத் திறக்கக் கூடாது.

தயிர் பச்சடி வேலையை வந்தவர்களிடமே கொடுங்கள். ராகுலும் அன்று அதைத்தான் கலக்கினார்: வெங்காயம், தயிர், கல் உப்பு. வெங்காயம் உரிக்க உட்கார்ந்தால் முன்பின் தெரியாதவர்கள்கூடப் பேச ஆரம்பித்துவிடுவார்கள்.

அப்புறம் பந்தி. பாய் விரித்து, இலை நுனி சாப்பிடுகிறவருக்கு இடப்பக்கம் வரும்படி போடுங்கள். பரிமாற இரண்டு பேர் போதும். சமைத்தவர் கடைசிப் பந்திக்கு நிற்காமல், முதல் பந்தியிலேயே உட்காரட்டும்.