மர நிழலில் யூபோர்பியா: நடுபவர்கள் எங்கே தவறுகிறார்கள்?

லண்டனில் தோட்டத்தோடு வீடு வாங்கும் நம்மவர்கள் வசந்த காலம் வந்தால் என்னிடம் கேட்பது ஒரே கேள்விதான். "அண்ணே, பின்பக்கம் பெரிய மரம் ஒண்ணு நிக்குது. அடியில புல்லுகூட வரல. என்ன வைக்கலாம்?"

யூபோர்பியா ராபியே வையுங்கள் என்பேன். துருக்கிக் காட்டுச் செடி. மேரி ஆன் ராப் என்ற சீமாட்டி 19ஆம் நூற்றாண்டின் கடைசியில் தொப்பிப் பெட்டிக்குள் வைத்து இங்கிலாந்துக்குக் கொண்டு வந்ததாகச் சொல்வார்கள். ஆண்டு முழுக்கக் கரும்பச்சை இலை, ஏப்ரல், மே மாதங்களில் எலுமிச்சைப் பச்சைப் பூங்கொத்து, முழங்கால் உயரம். முயல் தொடாது, பனி கொல்லாது.

செப்டம்பரில் அதே ஆள் மறுபடி கூப்பிடுவார். "நீங்க சொன்ன செடி எல்லாம் காஞ்சு போச்சுண்ணே." நானும் ஒரு காலத்தில் இதே வரிசையில் நின்றவன்தான். தொட்டியோடு புதைப்பது, தலைகீழாக நடுவது போன்ற கூத்துகளை விட்டுவிட்டு, நடுபவர் கண்ணுக்குத் தவறாகவே தெரியாதவற்றை மட்டும் சொல்கிறேன்.

லேபிளை நம்பித் தண்ணீரை நிறுத்துவது

'வறண்ட நிழலைத் தாங்கும்' என்று லேபிளில் இருக்கும். பொய் இல்லை. ஆனால் அது வேர் பிடித்த செடிக்கான பேச்சு. கடையிலிருந்து வந்த சிறு தொட்டிச் செடிக்கு அந்தத் தெம்பு கிடையாது.

குரோய்டன் பக்கம் ஒரு நண்பர் வீட்டில் சைக்கமோர் மரத்தடி முழுக்க இதை நட்டார்கள். நட்டது ஒரு தோட்ட வேலை நிறுவனம், அதுவும் ஜூன் மாதத்தில். "தண்ணியே வேண்டாம், அதுவா வரும்" என்று சொல்லிப் பணத்தை வாங்கிக்கொண்டு போனார்கள். பள்ளி விடுமுறைக்குக் குடும்பம் ஊருக்குப் போனது. பக்கத்து வீட்டுப் பையன் பாவம், தினமும் சாயங்காலம் ஹோஸைப் பிடித்து மேலாகத் தெளித்திருக்கிறான். திரும்பி வந்தபோது பாத்தி முழுக்கச் சுள்ளி. ஒன்றைப் பிடுங்கிப் பார்த்தேன். வேர் ஒரு விரற்கடை தூரம்கூட வெளியே ஓடவில்லை, தொட்டியின் வடிவத்திலேயே கட்டியாக வந்தது. அந்தக் கட்டிக்குள் மண் தூளாக உதிர்ந்தது. அந்தச் செலவை நினைத்தால் எனக்கு இன்னும் வயிறு எரிகிறது.

நடந்தது இதுதான். லண்டனில் எப்போதும் மழை என்பது நம் ஊர் நினைப்பு. இங்கே ஆண்டுக்குச் சுமார் 600 மில்லிமீட்டர்தான் பெய்கிறது, சென்னையில் 1,400 வரை பெய்யும். அந்தக் கொஞ்சத்திலும் தூறல் முழுவதையும் மரத்தின் இலைகளே பிடித்துக்கொள்ளும். தப்பிக் கீழே விழுவதை மேல் மண்ணில் பரவிக் கிடக்கும் மரத்தின் வேர் உறிஞ்சிவிடும். தொட்டிக் கலவையோ ஒருமுறை சுத்தமாகக் காய்ந்துவிட்டால் தண்ணீரை உள்ளே விடாது, ஓரமாக வழியவிடும். பையன் தெளித்த தண்ணீரையெல்லாம் சைக்கமோர்தான் குடித்திருக்கிறது. 2022 ஜூலையில் ஹீத்ரோவில் 40 டிகிரியைத் தாண்டியது. அப்படிப்பட்ட கோடையில் புதுச்செடிக்கு என்ன கதி?

அதனால் ஜூனில் நடாதீர்கள். செப்டம்பர் கடைசி, அக்டோபர்தான் சரியான நேரம். மண்ணில் சூடு இருக்கும், மழையும் தொடங்கும், மரம் இலை உதிர்த்துத் தண்ணீர்ப் போட்டியிலிருந்து விலகும். நடுவதற்கு முன் தொட்டியைப் பக்கெட் தண்ணீரில் குமிழி நிற்கும் வரை முக்கி வையுங்கள். பெரிய செடி வாங்காதீர்கள். மர வேர்களுக்கு இடையே கைக்குழி தோண்டி நுழைக்க 9 சென்டிமீட்டர் தொட்டிதான் வசதி. அப்புறம் மட்கிய இலையை மேலே பரப்புங்கள். அடுத்து வரும் கோடை முழுவதும், மழை இல்லாத வாரங்களில் வாரம் ஒருமுறை, ஒவ்வொரு செடியின் தூரிலும் நின்று நிதானமாக ஊற்றுங்கள். சந்தேகமாக இருந்தால் விரலை மண்ணுக்குள் விட்டுப் பாருங்கள். அதற்கடுத்த ஆண்டு லேபிள் சொன்னது பலிக்கும்.

மரத்தைச் சுற்றி மண் கொட்டி மேடை கட்டுவது

வேருக்குக் காற்று போகாது. செடிக்காக மரத்தைக் கொல்லாதீர்கள்.

எல்லாத் தண்டையும் ஒரே உயரத்துக்கு வெட்டுவது

வேலி வெட்டும் மெஷினால் பாத்தியை மட்டமாகச் சீவிவிட்டு, அடுத்த வசந்தத்தில் பூவே இல்லை என்று புலம்புவார்கள். இந்தச் செடியில் ஒரு தண்டு ஒருமுறைதான் பூக்கும். பூத்து முடிந்த தண்டை ஜூன் வாக்கில் அடியோடு வெட்ட வேண்டும். பூக்காமல் இலை மட்டும் அடுக்கடுக்காக நிற்கிறதே, அதுதான் அடுத்த ஆண்டுக்கான பூ. அதில் கை வைக்கக் கூடாது. ஒவ்வொரு தண்டாகப் பார்த்து வெட்டுவது சலிப்பான வேலைதான், வேறு வழியில்லை.

வெறுங்கையால் வெட்டுவது

திருகுகள்ளி, சதுரக்கள்ளி, அம்மான் பச்சரிசி எல்லாமே யூபோர்பியாதான். கள்ளிப்பால் கண்ணில் பட்டால் என்ன ஆகும் என்று ஊரில் பாட்டிமார் மிரட்டியது நினைவிருக்கும். இதிலும் அதே போன்ற வெள்ளைப் பால் வரும். தோலில் பட்டால் எரிச்சல், வெயிலும் சேர்ந்தால் கொப்புளம். கண்ணில் பட்டால் நிறையத் தண்ணீர் விட்டுக் கழுவிக்கொண்டே இருந்துவிட்டு நேரே மருத்துவரிடம் போங்கள். கையுறை, கண்ணாடி, முழுக்கைச் சட்டை போட்டுக்கொண்டு வெட்டுங்கள். வியர்வையை அந்தக் கையால் துடைக்காதீர்கள்.

நெருக்கி நடுவது

சதுர மீட்டருக்கு நாலைந்து போதும். பொறுங்கள், அதுவே பரவும்.

அருமையான செடிகளுக்குப் பக்கத்தில் நடுவது

பரவும் என்றேனே, நிலத்தடித் தண்டு ஓட்டித்தான் பரவும். மரத்தடி வறட்சியில் அது மெதுவாகப் போவதால் அடங்கி இருக்கும். அதையே ஈரமான நல்ல மண்ணில், மெல்லிய சிறு செடிகளின் நடுவே வைத்தால் எல்லோரையும் தள்ளிவிட்டு உட்கார்ந்துகொள்ளும். எபிமீடியம், ஜெரேனியம் மேக்ரோரைசம் மாதிரி மல்லுக்கட்டத் தெரிந்தவற்றோடு விடலாம். எல்லை தாண்டி வந்ததை இலையுதிர் காலத்தில் வேரோடு வெட்டி எடுத்து, கேட்பவர்களுக்குக் கொடுத்துவிடுங்கள்.

உரம்

வேண்டாம்.