வட்டப் பார்வையும் விழுங்கும் வாயும்: செல்பேசியில் எடுக்கும் முறை

இங்கிலாந்தின் ஹோவ் நகரைச் சேர்ந்த ஜார்ஜ் ஆல்பர்ட் ஸ்மித் 1900-இல் எடுத்த 'கிராண்ட்மாஸ் ரீடிங் கிளாஸ்' படத்தில், ஒரு சிறுவன் பூதக்கண்ணாடியால் கடிகாரம், கூண்டுப் பறவை, பாட்டியின் கண் என ஒவ்வொன்றாகப் பார்க்கிறான். அவன் பார்ப்பதெல்லாம் கறுப்புக்கு நடுவே வட்டமாகத் தெரியும். இதை இன்றும் ஓர் அட்டையை வைத்தே எடுத்துவிடலாம்.

பளபளப்பில்லாத கறுப்பு அட்டை 20 செ.மீ. அகலம், 15 செ.மீ. உயரம் இருக்கட்டும். நடுவில் 6 செ.மீ. விட்டத்தில் வட்டம் வெட்டுங்கள். வெட்டிய ஓரம் வெள்ளையாகத் தெரிந்தால் கறுப்பு மார்க்கரால் தீட்டிவிடுங்கள். இல்லையென்றால் வெளிச்சத்தில் அது மோதிரம் போல மின்னும். ஸ்டாண்டில் படுக்கைவாட்டில் வைத்த செல்பேசிக்கு 10 செ.மீ. முன்னால் அட்டையை நிறுத்துங்கள். வட்டம் சட்டகத்துக்குள் அடங்காவிட்டால் இன்னும் கொஞ்சம் தள்ளிவையுங்கள். சிறிய துளை போட்டு லென்ஸை ஒட்டி வைத்தால் ஓரம் கலங்கிவிடும்.

அட்டையை வைப்பதற்கு முன்பே, 40 செ.மீ. தூரத்திலுள்ள பொருளின் மேல் விரலை அழுத்திப் பிடித்து ஃபோகஸையும் எக்ஸ்போஷரையும் (படத்தின் வெளிச்ச அளவு) லாக் செய்துவிடுங்கள். பலரும் தவறவிடுவது இதைத்தான். லாக் செய்யாவிட்டால், சுற்றியுள்ள கறுப்பைப் பார்த்து இருட்டு என்று செல்பேசி வெளிச்சத்தைக் கூட்டும், பொருள் வெளுத்துப்போகும். மிக அருகிலிருந்து படமெடுக்க உதவும் மேக்ரோ வசதி இருந்தால் அணைத்துவிடுங்கள், நடுவில் லென்ஸ் மாறிவிடும்.

எடிட்டில், பார்ப்பவர் பூதக்கண்ணாடியைத் தூக்கும் ஷாட் முதலில் வரட்டும், வட்டம் அடுத்து. அந்த வரிசைதான் வட்டத்தை அவருடைய பார்வையாக்குகிறது.

அதே ஹோவில் ஜேம்ஸ் வில்லியம்சன் எடுத்த 'த பிக் ஸ்வாலோ' (1901) இன்னும் துணிச்சலானது. படமெடுப்பதை விரும்பாத ஒருவர் கேமராவை நெருங்கி, கேமராக்காரரோடு சேர்த்து விழுங்குகிறார். மூன்றே ஷாட்.

நடிகர் 2 மீட்டரிலிருந்து வந்து, வாயைத் திறந்து லென்ஸை மறைத்து, மென்றபடி பின்வாங்கட்டும். இதை ஒரே ஓட்டத்தில் எடுங்கள். விளக்கை இரு பக்கமும் வையுங்கள். வெளிச்சம் செல்பேசிக்குப் பின்னாலிருந்து வந்தால் அதன் நிழல் முகத்தில் விழும். ஃபோகஸை மேனுவலில் வைத்து ஒருவர் கையால் நகர்த்த வேண்டும்; ஆட்டோவில் விட்டால் வாய் நெருங்கும்போது தடுமாறும்.

வாயின் இருட்டு சட்டகம் முழுவதையும் மூடிய ஃபிரேமில் வெட்டி, கறுப்புத் துணி முன்னால் ஒருவர் கேமராவோடு கீழே சரியும் ஷாட்டைச் செருகுங்கள். இரண்டு கறுப்பும் ஒத்துப்போகாவிட்டால் வெட்டு பளிச்சென்று தெரியும். துணி ஷாட்டின் எக்ஸ்போஷரைக் குறைத்தால் பொருந்திவிடும்.