தேனை முதலிலேயே ஊற்றாதீர்கள்: ஓவன் பூசணியில் செய்யக் கூடாத தவறுகள்

போன வாரம் தோழி ஒருத்தி படம் அனுப்பியிருந்தாள். ட்ரே முழுக்கக் கரி, நடுவில் நாலைந்து ஆரஞ்சுத் துண்டுகள். "உள்ளே இன்னும் வேகவே இல்லை, என்ன செய்ய?" சிரிப்பு வந்தது, அப்புறம் எரிச்சலும் வந்தது, ஏனென்றால் இதே மாதிரி ஒரு ட்ரேயை நானும் ஒரு ராத்திரி முழுக்கச் சுரண்டியிருக்கிறேன்.

இலையுதிர்காலம் வந்தால் பட்டர்நட், ஏக்கார்ன், கபோச்சா என்று கெட்டித்தோல் பூசணிகள் குவிந்துவிடும். கையை வெட்டிக்கொள்ளாதீர்கள், உப்பை மறக்காதீர்கள் என்றெல்லாம் இங்கே சொல்லப் போவதில்லை.

இனிப்பை முதலிலேயே சேர்ப்பது

"பூசணி, எண்ணெய், தேன், பட்டைத்தூள் எல்லாவற்றையும் புரட்டி ஓவனில் வையுங்கள்" என்று குறிப்புகளில் ஒரே வரியில் முடித்துவிடுகிறார்கள். அந்த வரிதான் வினை. 220 டிகிரி செல்சியஸில் பூசணி வேக அரை மணி நேரமாவது வேண்டும். தேனில் இருக்கும் ஃபிரக்டோஸ் என்ற சர்க்கரையோ 110 டிகிரி வாக்கிலேயே நிறம் மாற ஆரம்பிக்கும், சாதாரணச் சர்க்கரை 160, 170 வரை தாங்கும். பூசணியில் தண்ணீர் அதிகம் என்பதால் துண்டின் மேல் ஒட்டிய தேன் கொஞ்ச நேரம் தப்பிக்கும்; வழிந்து ட்ரேயில் தேங்குகிறதே, அதுதான் முதலில் கருகும், அந்தக் கசப்பு அப்படியே துண்டின் அடியில் ஏறும்.

நான் எட்டுப் பேருக்குச் சமைத்த அன்று அரை கப் தேன் ஊற்றி, போதாதென்று மேலே சர்க்கரையும் தூவினேன். கால் மணி நேரத்தில் வாசனை வீட்டையே தூக்கியது, எனக்குப் பெருமை தாங்கவில்லை. இன்னும் ஐந்து நிமிடத்தில் புகை. முள்கரண்டியால் குத்தினால் உள்ளே நறுக்கென்கிறது! இரண்டு முழுப் பூசணியும் குப்பைக்குப் போயின.

சரி, எப்படிச் செய்வது? ஒரு கிலோ துண்டுக்கு 2 மேசைக்கரண்டி எண்ணெய், உப்பு, அவ்வளவுதான் முதலில். 25 நிமிடம் கழித்துத் திருப்பிவிட்டுக் குத்திப் பாருங்கள். கத்தி சுலபமாக இறங்கினால், 2 மேசைக்கரண்டி தேனோ மேப்பிள் சிரப்போ உருக்கிய வெண்ணெயில் கலந்து, பட்டைத்தூளும் சேர்த்து மேலே தடவி, இன்னும் 5 முதல் 8 நிமிடம் வையுங்கள். அந்த நேரத்தில் போனை எடுக்காதீர்கள், ஓவன் பக்கத்திலேயே நில்லுங்கள்.

இதைச் சொன்னால் "சூட்டைக் குறைத்தால் போதுமே" என்பார்கள். குறைத்துப் பாருங்கள். ஒரு மணி நேரம் ஆகும், ஓரம் சிவக்காது, துண்டு கூழாகிவிடும்.

ட்ரேயை நெருக்குவது

துண்டுக்கும் துண்டுக்கும் ஒரு விரல் இடம் விடுங்கள். இல்லையென்றால் வெளியேறும் தண்ணீரிலேயே அவிந்துவிடும், வறுபடாது. இரண்டு ட்ரே கழுவச் சோம்பல் என்றால் பூசணியைக் குறைத்துக்கொள்ளுங்கள்.

துண்டின் அளவு

இரண்டரை சென்டிமீட்டர். எல்லாமே.

தோல்

மெல்லிய தோல் கொண்ட டெலிகாட்டா என்ற பூசணியையும் கபோச்சாவையும் தோலோடு சாப்பிடலாம், வீணாகச் சீவாதீர்கள். பட்டர்நட்டைச் சீவும்போது கசியும் பிசின் விரலில் காய்ந்து பசை தடவியது போல இழுத்துப் பிடிக்கும், சோப்புக்கும் லேசில் மசியாது. கையுறை போட்டுக்கொள்ளுங்கள்.

பறித்த உடனே கபோச்சா

பறித்த புதிதில் அது மாவு மாவாகத்தான் இருக்கும். சில வாரங்கள் காற்றோட்டமான இடத்தில் சும்மா வைத்தால் மாவுச்சத்து சர்க்கரையாக மாறித் தானே இனிக்கும். பொறுமையில்லாமல் தேனால் ஈடுகட்டப் போய்த்தான் பலர் அரை கப் ஊற்றுகிறார்கள்.

கசப்பு

வெட்டியதும் ஒரு துணுக்கைப் பச்சையாக நாக்கில் வைத்துப் பாருங்கள். கசந்தால் துப்பிவிட்டு முழுப் பூசணியையும் தூக்கிப் போடுங்கள். அது குக்கர்பிட்டாசின் என்ற கசப்பு நச்சு, வேகவைத்தாலும் போகாது, வயிற்றை ஒரு வழி பண்ணிவிடும்.