வீட்டுக்கடன் கடைசியில் எவ்வளவுக்கு முடியும்: நாமே கணக்குப் போட்டுப் பார்க்கும் முறை

தண்டையார்பேட்டையில் எங்கள் தெருவில் குடியிருக்கும், துறைமுகத்தில் வேலை பார்க்கும் தம்பி ஒருவர், சில ஆண்டுகளுக்கு முன் ஒரு ஞாயிற்றுக்கிழமை காலையில் தம் வீட்டுக்கடன் கணக்கு அறிக்கையை எடுத்துக்கொண்டு என் வீட்டுக்கு வந்தார். "அஞ்சு வருஷத்துல ஒரு மாசம்கூடத் தவறல அண்ணே. பதினஞ்சரை லட்சம் கட்டியிருக்கேன். முப்பது லட்சம் வாங்கினதுல இன்னும் இருபத்தாறு லட்சத்துக்கு மேல பாக்கின்னு போட்டிருக்கு. எங்கயோ தப்பு நடந்திருக்கு, பாருங்க" என்றார். ஒவ்வொரு வரியாக விரல் வைத்துப் பார்த்தோம். வங்கியின் கணக்கு சரியாகவே இருந்தது. அந்தக் கணக்கைக் கடன் வாங்கிய நாளில் யாரும் அவருக்குப் போட்டுக் காட்டியிருக்கவில்லை.

எம்.சி. ரோட்டில் ஒரு பட்டுப்புடவைக்கு நான்கு கடை ஏறி இறங்குகிறோம். வாழ்நாளின் மிகப் பெரிய கொள்முதலில் மட்டும் "மாசம் எவ்வளவு வரும்?" என்ற ஒரே கேள்வியோடு கையெழுத்துப் போட்டுவிடுகிறோம். மாதத் தவணை என்பது கடனின் விலை ஆகாது. நம் சம்பளத்தில் அது அடங்குமா என்பதை மட்டுமே அது சொல்லும். விலையை அறிய ஒரு நோட்டும் கால்குலேட்டரும் போதும்.

முதலில் ஒரு மாதத்தைப் பிரித்துப் பாருங்கள்

மீதி அசலை வட்டி விகிதத்தால் பெருக்கி 1200-ஆல் வகுத்தால் அந்த மாதத்து வட்டி கிடைக்கும். 30 லட்சம் ரூபாயை 8.5 சதவீத வட்டியில் 20 ஆண்டுகளுக்கு வாங்கினால் மாதத் தவணை சுமார் 26,035 ரூபாய். முதல் மாதத்து வட்டி மட்டும் 21,250 ரூபாய். ஆக, அந்தத் தவணையில் அசலுக்குப் போய்ச் சேர்வது 4,785 ரூபாய்தான். அடுத்த மாதம் அசல் அந்த அளவு குறைந்திருப்பதால் வட்டி முப்பத்துநான்கு ரூபாய் குறையும்; அசலுக்குப் போவது அதே அளவு கூடும். இப்படி எறும்பு ஊர்வது போலத்தான் தொடக்க ஆண்டுகளில் அசல் கரைகிறது. இடையில் வட்டி மாறுவதை ஒதுக்கிவைத்துக் கணக்கிட்டால், 5 ஆண்டுகளில் 15.62 லட்சம் கட்டி முடிக்கும்போது அசலில் குறைந்திருப்பது சுமார் 3.56 லட்சம் மட்டுமே. நம் தம்பியின் அறிக்கை சொன்னது இதைத்தான். ஒரு தவணையில் அசலின் பங்கு வட்டியின் பங்கை முந்துவதற்குப் பன்னிரண்டாம் ஆண்டின் இறுதி வரை காத்திருக்க வேண்டும்.

கடன் வாங்கும் முன்பே, மாதவாரியாக அசலும் வட்டியும் பிரிந்து காட்டும் தவணை அட்டவணையைக் கேட்டு வாங்குங்கள். கேட்டால் கொடுப்பார்கள்; கேட்காதவரிடம் யாரும் நீட்டுவதில்லை.

தவணைக்காலம்தான் விலையைத் தீர்மானிக்கிறது

அதே 30 லட்சம், அதே 8.5 சதவீதம். 15 ஆண்டுகள் என்றால் தவணை சுமார் 29,542 ரூபாய், மொத்த வட்டி 23.18 லட்சம். 20 ஆண்டுகள் என்றால் மொத்த வட்டி 32.48 லட்சம். 30 ஆண்டுகளுக்கு நீட்டினால் தவணை 23,067 ரூபாயாக இறங்கும், வட்டியோ 53.04 லட்சமாக ஏறும். 20 ஆண்டுக் கடனை 30 ஆண்டாக்குவதால் மாதம் மூவாயிரம் ரூபாய்க்குச் சற்றுக் குறைவாக மிச்சமாகிறது. அதற்கு நாம் கொடுக்கும் விலை இருபது லட்சத்துக்கும் மேல். "தவணை கம்மி, தாராளமா கட்டலாம்" என்று விற்பனைப் பிரதிநிதி சொல்லும்போது, இந்த இரண்டு எண்களையும் பக்கத்தில் பக்கத்தில் எழுதிப் பார்த்துவிட்டு முடிவெடுங்கள். வருமானம் உண்மையிலேயே இடம் கொடுக்காவிட்டால் நீண்ட காலத்தை எடுப்பதில் பிழையில்லை. ஆனால் அதைத் தெரிந்தே எடுக்க வேண்டும்.

மாறும் வட்டி: சத்தமில்லாமல் நீளும் ஆண்டுகள்

2019 அக்டோபர் 1 முதல், வங்கிகள் புதிதாக வழங்கும் மாறும் வட்டி வீட்டுக்கடன்கள் ரெப்போ விகிதம் (ரிசர்வ் வங்கி மற்ற வங்கிகளுக்குக் கொடுக்கும் கடனுக்கான வட்டி) போன்ற வெளி அளவுகோல் ஒன்றோடு இணைக்கப்பட்டுள்ளன. அந்த ரெப்போ விகிதம் 2022 மே மாதத் தொடக்கத்தில் 4 சதவீதமாக இருந்து, 2023 பிப்ரவரியில் 6.5 சதவீதமாக உயர்ந்தது. 2025-இல் மறுபடி இறங்கத் தொடங்கி, ஜூன் மாதம் 5.5 சதவீதத்துக்கு வந்தது. இருபதாண்டுக் கடன் ஒன்று இப்படிப்பட்ட ஏற்ற இறக்கங்களைப் பலமுறை சந்திக்கும்.

இதில் நானே அடிபட்டவன். என் கடனுக்கு வட்டி 6.9 சதவீதத்திலிருந்து 9.15 சதவீதமாக ஏறியபோது, கணக்கிலிருந்து மாதந்தோறும் எடுக்கப்பட்ட தொகையில் ஒரு ரூபாய்கூட மாறவில்லை. அதனால் எதுவும் நடக்கவில்லை என்றே இருந்துவிட்டேன். 2023-இல் அறிக்கையை எடுத்துப் பார்த்தபோதுதான், மீதி 171 மாதங்கள் என்றிருந்த இடத்தில் 232 மாதங்கள் என்று இருந்தது. ஐந்து ஆண்டுகளுக்கும் மேலாகக் கூடியிருந்தது. வந்திருந்த குறுஞ்செய்தியில் வட்டி மாறியது சொல்லப்பட்டிருந்தது. மாதங்கள் கூடியது சொல்லப்படவில்லை. அந்தப் புதிய கடைசித் தேதி, நான் ஓய்வு பெறும் தேதியைத் தாண்டிப் போயிருந்தது. அந்த எண்ணைப் பார்த்த நிமிடத்தில் வயிற்றைப் பிசைந்தது இன்றும் நினைவிருக்கிறது. மறுநாளே கிளைக்குச் சென்று, தவணையை உயர்த்திப் பழைய காலத்துக்குள்ளேயே முடிக்கும்படி எழுதிக் கொடுத்தேன்.

இன்னும் கடுமையான நிலையும் உண்டு. 6.75 சதவீதத்தில் 20 ஆண்டுகளுக்கு 30 லட்சம் வாங்கியவரின் தவணை சுமார் 22,811 ரூபாய். ஓராண்டு கழித்து வட்டி 9.25 சதவீதமானால், அப்போதைய மீதியான 29.27 லட்சத்துக்கு மாத வட்டியே சுமார் 22,559 ரூபாய் ஆகிவிடும். தவணையை உயர்த்தாமல் விட்டால் அந்தக் கடன் தீர ஏறத்தாழ 49 ஆண்டுகள் பிடிக்கும். 2023 ஆகஸ்ட் மாதம் ரிசர்வ் வங்கி இதற்காகவே விதி வகுத்தது: வட்டி மாறும்போது தவணையை உயர்த்துவதா, காலத்தை நீட்டுவதா, இரண்டையும் கலந்து செய்வதா என்று தேர்ந்தெடுக்கும் உரிமை கடன் வாங்கியவருக்குத் தரப்பட வேண்டும், காலத்தை நீட்டுவதால் வட்டிக்கே போதாத தவணையாக அது மாறிவிடக் கூடாது, மீதித் தவணைகளின் எண்ணிக்கையைக் காட்டும் அறிக்கை காலாண்டுதோறும் கிடைக்க வேண்டும். அந்த அறிக்கையில் நீங்கள் பார்க்க வேண்டிய முதல் எண் மீதி மாதங்கள். வட்டி இறங்கும் காலத்திலும் தவணையைக் குறைக்கச் சொல்லாமல் அப்படியே தொடர்ந்தால், நீண்ட மாதங்கள் தாமாகவே சுருங்கும்.

கடனோடு ஒட்டிக்கொண்டு வரும் செலவுகள்

40 லட்சம் ரூபாய்க்கு ஒரு பழைய அடுக்ககக் குடியிருப்பை மறுவிற்பனையில் வாங்குவதாக வைத்துக்கொள்வோம். தமிழ்நாட்டில் கிரயப் பத்திரத்துக்கு முத்திரைத் தீர்வை 7 சதவீதம், பதிவுக் கட்டணம் 2 சதவீதம். அதாவது 3.6 லட்சம். அரசு நிர்ணயிக்கும் வழிகாட்டி மதிப்பு கிரயத் தொகையைவிடக் கூடுதலாக இருந்தால் இது இன்னும் ஏறும். வீட்டின் விலை 10 லட்சத்துக்கு மேற்பட்டால், இந்தச் செலவைக் கடன் வரம்பைக் கணக்கிடும் மதிப்பில் வங்கி சேர்ப்பதில்லை. அதனால்தான் பத்திரப் பதிவுக்கு முந்தைய வாரம் மனைவியின் நகைகள் அடகுக் கடைக்குப் போகின்றன. அந்த நகைக்கடனின் வட்டியும் வீட்டின் விலையில் சேர வேண்டியதே. கட்டி முடிக்கப்படாத அடுக்ககம் என்றால் ஜி.எஸ்.டி. உண்டு, பணி நிறைவுச் சான்று பெற்ற பின் வாங்கினால் இல்லை. கட்டுமானம் நடக்கும் காலத்தில், வங்கி விடுவித்த தொகைக்கு வட்டியை மட்டும் கட்டிக்கொண்டு, குடியிருக்கும் வீட்டுக்கு வாடகையும் கொடுக்க வேண்டியிருக்கும். அந்த வட்டியால் அசல் ஒரு ரூபாயும் குறையாது.

செயலாக்கக் கட்டணம், வழக்கறிஞர் கருத்துரை, மதிப்பீட்டாளர் கட்டணம், உரிமை ஆவணங்களை வங்கியிடம் ஒப்படைத்ததற்கான எம்.ஓ.டி. பதிவு ஆகியவை ஒருமுறைச் செலவுகள். கேட்டு எழுதிக்கொண்டால் போதும். கவனிக்க வேண்டியது காப்பீடு. கடன் காப்பீட்டுக்கான ஒரு லட்சம் ரூபாய் பிரீமியத்தைக் கடனோடு சேர்த்துவிட்டால், 8.5 சதவீத வட்டியில் 20 ஆண்டுகளில் அதற்காக நீங்கள் கட்டுவது சுமார் 2.08 லட்சம். குடும்பத்துக்குப் பாதுகாப்பு அவசியம் வேண்டும். அதைக் கடன் தருபவர் காட்டும் நிறுவனத்தில்தான் எடுக்க வேண்டும் என்றில்லை. தனியாக ஒரு டேர்ம் பாலிசியின் (குறிப்பிட்ட காலத்துக்கான ஆயுள் காப்பீட்டின்) விலையை விசாரித்து ஒப்பிடுங்கள்.

2024 அக்டோபர் 1 முதல் அனுமதிக்கப்படும் கடன்களுக்கு, கே.எஃப்.எஸ். எனப்படும் முக்கிய விவர அறிக்கையை, உங்களுக்குப் புரியும் மொழியில் தர வேண்டும். அதிலுள்ள ஏ.பி.ஆர். என்ற ஆண்டுச் சதவீதம், வட்டியோடு கட்டணங்களையும் சேர்த்துக் காட்டும். இரண்டு வங்கிகளை ஒப்பிடும்போது விளம்பரப் பலகையில் உள்ள வட்டியை விட்டுவிட்டு இந்த எண்ணை ஒப்பிடுங்கள்.

பத்திரத்தில் உள்ள குறை வட்டியில் தெரியும்

பட்டா பெயர் மாறாத மனை, திட்ட அனுமதியை மீறிக் கட்டிய மாடி, மூலப்பத்திரம் தொலைந்துபோன வீடு ஆகியவை நம் பக்கத்தில் அபூர்வமல்ல. விலை சற்று மலிவாக இருக்கும். ஆனால் வங்கி மறுத்துவிட, வாங்குபவர் கூடுதல் வட்டி கேட்கும் நிதி நிறுவனத்துக்குப் போவார். 30 லட்சத்துக்கு 12 சதவீதம் என்றால் 20 ஆண்டுத் தவணை சுமார் 33,033 ரூபாய். மொத்த வட்டி 49.28 லட்சம். 8.5 சதவீதக் கடனோடு ஒப்பிட்டால் 16.8 லட்சம் கூடுதல். வீட்டு விலையில் இரண்டு லட்சம் குறைத்து வாங்கிவிட்டோம் என்ற மகிழ்ச்சி இந்தக் கணக்கின் முன் நிற்காது. முன்பணம் கொடுப்பதற்கு முன்பே வில்லங்கச் சான்றையும் தாய்ப்பத்திரங்களையும் ஒரு வழக்கறிஞரிடம் காட்டிவிடுங்கள்.

வீடும் தின்னும்

சொத்து வரி, குடிநீர் வரி, அடுக்ககப் பராமரிப்பு ஆகியவை எல்லா ஊரிலும் உண்டு. ராயபுரம், காசிமேடு, திருவொற்றியூர் போன்ற கடலோரப் பகுதிகளில் உப்புக்காற்றும் சேர்ந்துகொள்கிறது. கம்பி துருப்பிடித்து உப்பி, தளத்தின் அடிப்பூச்சு பாளம் பாளமாகப் பெயர்ந்து விழுவதைப் பழைய குடியிருப்புகளில் நிமிர்ந்து பார்த்தாலே தெரியும். பழைய வீட்டைப் பார்க்கப் போகும்போது குளியலறைக் கூரையையும் பால்கனியின் அடிப்பக்கத்தையும் பாருங்கள். செந்நிறக் கோடு ஓடியிருந்தால் பழுதுச் செலவை விலைப்பேச்சிலேயே கழியுங்கள். மழைநீர் தேங்கும் தெருவில் தரைத்தளம் வாங்குபவர், மோட்டாருக்கும் மின்கம்பி வேலைக்கும் சில ஆண்டுகளுக்கு ஒருமுறை தொகை ஒதுக்க வேண்டியிருக்கும். பராமரிப்புக்கு மாதம் 2,500 ரூபாய் என்று வைத்தாலே 20 ஆண்டுகளில் 6 லட்சம் ஆகிறது.

இப்போது கூட்டுவோம். கைப்பணம் 10 லட்சம், பதிவு 3.6 லட்சம், 30 லட்சம் கடனுக்கு 8.5 சதவீதத்தில் 20 ஆண்டுத் தவணைகள் 62.48 லட்சம், பராமரிப்பு 6 லட்சம்: ஏறக்குறைய 82 லட்சம். 40 லட்சம் ரூபாய் வீட்டின் இருபதாண்டு விலை இது.

பயப்படுத்துவதற்காக இதைச் சொல்லவில்லை. மறுபக்கமும் உண்டு. இதே குடியிருப்புக்கு இன்று மாதம் 13,000 ரூபாய் வாடகை கொடுத்து, அது ஆண்டுக்கு 5 சதவீதம் ஏறினால், 20 ஆண்டுகளில் கொடுத்திருக்கும் வாடகை சுமார் 51.6 லட்சம். சம்பளம் ஏற ஏற, மாறாத தவணையின் பாரமும் லேசாகும். வரிச் சலுகையை மட்டும் கண்ணை மூடிக்கொண்டு கணக்கில் சேர்க்காதீர்கள்: தாமே குடியிருக்கும் வீட்டின் கடன் வட்டிக்கு ஆண்டுக்கு 2 லட்சம் வரை கிடைக்கும் கழிவு பழைய வரிமுறையில் இருப்பவர்களுக்கே உரியது, புதிய வரிமுறையில் அது இல்லை.

விலையைக் குறைக்கும் வழி

தனிநபர் வாங்கிய மாறும் வட்டி வீட்டுக்கடனை முன்கூட்டிச் செலுத்துவதற்கு அபராதம் வாங்கக் கூடாது. இந்த உரிமையைப் பயன்படுத்தாமல் விடுபவர்களைப் பார்க்கும்போது எனக்கு ஆதங்கமாக இருக்கிறது. மேற்சொன்ன 8.5 சதவீதக் கடனில் முதலாண்டு முடிவில் 2 லட்சம் ரூபாயை அசலில் கட்டினால் 34 மாதத் தவணைகள் குறையும். நிகர மிச்சம் 6.8 லட்சத்துக்கும் மேல். அதே 2 லட்சத்தைப் பதினைந்தாம் ஆண்டு முடிவில் கட்டினால் குறைவது 11 மாதங்கள். மிச்சம் ஒரு லட்சத்தைத் தொடாது. ஆகவே, சீட்டு எடுத்த பணமோ போனஸோ தொடக்க ஆண்டுகளில் வந்தால் அதை அசலுக்குக் கொண்டுபோங்கள். அவசரத்துக்கென ஆறு மாதச் செலவுப் பணம் கையில் இருக்கிறதா என்பதை மட்டும் முதலில் உறுதிசெய்துகொள்ளுங்கள். பெருந்தொகை இல்லாதவர் ஆண்டுக்கு ஒரே ஒரு தவணையைக் கூடுதலாகக் கட்டினாலும், 20 ஆண்டுக் கடன் சுமார் 16 ஆண்டு 9 மாதங்களில் முடிந்து, ஆறு லட்சத்துக்கும் மேல் மிஞ்சும். கட்டும்போது "தவணையைக் குறைக்க வேண்டாம், காலத்தைக் குறையுங்கள்" என்று எழுத்தில் கொடுங்கள். இல்லாவிட்டால் இந்த மிச்சத்தில் பெரும்பகுதி கிடைக்காமல் போகும்.

கடைசித் தவணையோடு வேலை முடிந்துவிடுவதில்லை. கடன் தீர்ந்த 30 நாட்களுக்குள் மூல ஆவணங்களை வங்கி திருப்பித் தர வேண்டும்; வங்கியின் காரணத்தால் தாமதமானால் நாளொன்றுக்கு 5,000 ரூபாய் இழப்பீடு உண்டு. 2023 டிசம்பர் 1 முதல் இது நடைமுறையில் இருக்கிறது. ஆவணங்களை வாங்கும்போது, முதல் நாளில் கொடுத்த பட்டியலை வைத்துப் பக்கம் பக்கமாகச் சரிபாருங்கள். பிறகு சார்பதிவாளர் அலுவலகத்தில் கடன் தீர்ந்ததற்கான ரசீது ஆவணத்தைப் பதிவு செய்து, புதிதாக ஒரு வில்லங்கச் சான்று போட்டு, எம்.ஓ.டி. பதிவுக்குக் கீழே அந்த ரசீதுப் பதிவும் ஏறியிருக்கிறதா என்று பாருங்கள்.