ஜப்பானிய மௌனப்பட நடிகை ஒருவரின் திரைவாழ்வைத் தொகுப்பது எப்படி?

முதலில் நடிகையின் பெயரைக் கான்ஜி எனப்படும், சீனத்திலிருந்து வந்த ஜப்பானிய எழுத்துகளிலேயே குறித்துக்கொள்ளுங்கள். ஒரே எழுத்தைப் பலவிதமாக வாசிக்கலாம் என்பதால், ஒலிபெயர்ப்பை மட்டும் நம்பினால் பல பதிவுகள் கைநழுவிவிடும். பெண் வேடங்களை ஒன்னகதா எனப்படும் ஆண் நடிகர்களே ஏற்றுவந்த வழக்கம் 1920-ஐ ஒட்டித்தான் தளர்ந்தது. ஆகவே தேடலை அங்கிருந்து தொடங்குவதே பலன்தரும்.

எடுத்துக்காட்டாக, நடிகை சுமிகோ குரிஷிமா 1921-இல் ஷோச்சிகு நிறுவனத்தின் கமாதா படப்பிடிப்புத் தளத்தில் அறிமுகமானார். ஜப்பானில் பேரரசரின் ஆட்சிக்காலப் பெயரால் ஆண்டைக் குறிப்பதால், அக்கால விளம்பரத்தாளில் அந்த ஆண்டு ‘தைஷோ 10’ என்றே இருக்கும். தைஷோ ஆண்டுடன் 1911-ஐயும், அடுத்த ஆட்சிக்காலமான ஷோவா ஆண்டுடன் 1925-ஐயும் கூட்டினால் நாம் அறிந்த ஆண்டு கிடைக்கும்.

1923 நிலநடுக்கத்திலும் பின்னர் போரிலும் எண்ணற்ற படச்சுருள்கள் அழிந்துபோனது பேரிழப்பு. எனவே, படத்தைக் காண வழியில்லாத இடங்களில் சுவரொட்டி, நிழற்படம், அன்றைய இதழ் விமர்சனம் ஆகியவற்றை ஒன்றோடொன்று ஒப்பிட்டுச் சரிபாருங்கள். 1931-இல் பேசும்படம் வெற்றிபெற்ற பிறகும், பென்ஷி எனும் கதைசொல்லிகளின் செல்வாக்கால் மௌனப்படங்கள் சில ஆண்டுகள் தொடர்ந்ததால், பட்டியலை அவ்வாண்டோடு முடித்துவிடாதீர்கள்.