குளிரில் பொங்காத பாண் மா

நுவரெலியாவில் ஜனவரி மாதம் பாண் மாவைப் பொங்க வைப்பது பெரும்பாடு. ஈஸ்டில் குறையில்லை, தேன் கரைத்த வெதுவெதுப்பான தண்ணீரில் 10 நிமிடத்தில் நுரைத்தது. ஆனால் பிசைந்து குசினி மேசையில் வைத்த மா அப்படியே கிடந்தது. இரவில் 10 பாகைக்கும் கீழே இறங்குகிற ஊரில் அது என்னதான் செய்யும்!

அணைத்த ஓவனுக்குள் கொதிநீர்ச் சட்டியும் பக்கத்தில் ஈரத்துணி மூடிய மாவும் வைத்தேன். தண்ணீர் ஆற ஆற மாற்றினேன். ஒன்றரை மணி நேரத்தில் இரு மடங்கானது.

இந்தப் பாணுக்கு ரோஸ்மேரி என்ற வாசனை இலையைப் பொடியாக அரிந்து கொஞ்சமாகத்தான் போட வேண்டும். கூடினால் கோடாலித் தைலம் மணக்கிறது என்பார் அம்மா. 500 கிராம் மாவுக்கு 2 மேசைக்கரண்டி தேன். தேனால் மேற்பக்கம் சீக்கிரம் கருகும். 180 பாகையில் சுட்டு, சிவந்ததும் அலுமினியத் தாளால் மூடினேன்.